அவருடைய காசு என் வீட்டில் இருந்தது

முதலில் ஒன்றைச் சொல்லிவிடுகிறேன். நான் களவெடுக்கவில்லை. இத்தனை வருடங்களுக்குப் பிறகும் இந்த வசனத்தை எழுதித்தான் தொடங்க வேண்டியிருக்கிறது என்பதே எனக்கு ஆத்திரமாக இருக்கிறது. லண்டனில் ஒரு கவுன்சில், அதாவது உள்ளூராட்சி சபை, என்னை வேலையிலிருந்து நீக்கியது. பராமரிப்பில் உள்ள ஒருவரின் பணத்தைத் தவறாகக் கையாண்டதாகக் கடிதத்தின் முதல் பந்தியில் எழுதியிருந்தார்கள். ஒரு பென்ஸ்கூடக் குறையவில்லை என்பது அதே கடிதத்தின் மூன்றாம் பந்தியில் இருந்தது. மூன்றாம் பந்திவரை யாரும் வாசிக்கவில்லை.

எண்பதுகளின் நடுவில் என் கணவரிடம் வந்து சேர்ந்தேன். கிங்ஸ்பரியில் ஒரு வீட்டின் மேல்மாடியில் இரண்டு அறைகள். அவர் ஒரு பெற்றோல் நிலையத்தில் வேலை செய்தார். கல்லாவில் குறைகிற காசை முதலாளி அவருடைய சம்பளத்தில் வெட்டுவான். அவர் வாய் திறக்கமாட்டார். வந்த இரண்டாம் வருடம் எனக்குக் கவுன்சிலில் ஹோம் ஹெல்ப் வேலை கிடைத்தது. தனியாக இருக்கும் வயோதிபர்களின் வீடுகளுக்குப் போய்க் கூட்டித் துடைத்து, உடுப்புத் தோய்த்து, கடைக்குப் போய்ச் சாமான் வாங்கிக் கொடுப்பது. நடக்க முடியாதவர்களின் பென்ஷன் புத்தகத்தைக் கொண்டுபோய்த் தபாற்கந்தோரில் அவர்களுக்காகக் கையெழுத்து வைத்துக் காசு எடுத்துவருவது. ஊரிலே என் அப்பா அரசாங்கக் கச்சேரியில் சிறாப்பராக இருந்தவர். அரசாங்கத்தின் காசுப் பெட்டிக்குப் பொறுப்பான ஆள். நான் இங்கே அரசாங்க வேலையில், மற்றவர்களின் காசை நம்பித் தருகிற வேலையில் சேர்ந்திருக்கிறேன் என்று அவருக்கு எழுதியபோது, பதில் கடிதத்தில் அவர் எழுத்து வழமையைவிடப் பெரிதாக இருந்தது.

நான் போன வீடுகளில் ஒன்று ஒரு கவுன்சில் கட்டடத்தின் இரண்டாம் மாடியில் இருந்தது. அங்கே ஓர் ஓய்வுபெற்ற பஸ் சாரதி. வயது எண்பதை நெருங்கியிருந்தது. மனைவி இறந்துவிட்டார். இரண்டு முழங்கால்களும் போய்விட்டன. முப்பது வருடம் ஓட்டிய பாதையில் எந்தத் தரிப்பிடத்துக்குப் பிறகு எந்தத் தரிப்பிடம் என்று ஒன்றுவிடாமல் சொல்லுவார். என்னை 'லவ்' என்று கூப்பிடுவார். முதலில் கூசியது. பிறகு, எங்கள் ஆட்கள் 'பிள்ளை' என்பதுபோலத்தான் அது என்று விளங்கியது. இங்கே ஆங்கிலத்தில் நடந்த பேச்சுகளையும் நான் எங்கள் தமிழிலேயே எழுதுகிறேன். என் காதில் அவை இப்போது அப்படித்தான் கேட்கின்றன.

வியாழக்கிழமை பென்ஷன் நாள். காலையில் காசை எடுத்து, மீன் ரின்னும் பாணும் புகையிலையும் வாங்கிக்கொண்டு போய், மிச்சத்தை அவர் கையில் கொடுப்பேன். மத்தியானம் அவருடைய மகன் ஒரு வானில் வருவான். நாற்பத்தைந்து வயது இருக்கும். தகப்பனுக்கு முன்னால் உட்காரமாட்டான். கையை நீட்டிக்கொண்டு நிற்பான். கடன் என்று சொல்லித்தான் வாங்குவான். ஒருமுறை நான் குளியலறையைத் தேய்த்துக்கொண்டிருந்தபோது பெரிதாகச் சத்தம் கேட்டது. ஓடிப்போய்ப் பார்த்தேன். மகன் போய்விட்டான். கிழவரின் மணிக்கட்டு சிவந்திருந்தது. அடுத்த வியாழன் அது நீலமாக இருந்தது.

"விழுந்திட்டன் பிள்ளை," என்றார்.

"மணிக்கட்டில மட்டுமோ விழுந்தனீங்கள்?" என்று கேட்டேன்.

அவர் சிரித்தார். பிறகு ஜன்னல் பக்கம் திரும்பிக்கொண்டார். அந்தக் குளிர்காலம் தொடங்கியதிலிருந்து காஸ் பில் கட்டப்படாமல் கிடந்தது. சிவப்பு எழுத்தில் இரண்டு கடிதங்கள் வந்துவிட்டன. மகன் கண்ணில் படாமல் கொஞ்சம் கொஞ்சமாக எடுத்து வைப்போம் என்று அவர்தான் சொன்னார். முதலில் வீட்டுக்குள்ளேயே ஒளித்தோம். சமையலறைத் தொட்டிக்குக் கீழே, சவர்க்காரத் தூள் பெட்டிக்குப் பின்னால். மகன் இரண்டு கிழமையில் கண்டுபிடித்துவிட்டான்.

நான் என் மேற்பார்வையாளரிடம் போனேன். இதை நான் அழுத்திச் சொல்கிறேன். நான் போனேன். அவர் ஐம்பது வயது ஆங்கிலேயப் பெண். நல்லவர். நான் வேலைக்கு வந்த முதல் குளிர்காலத்தில், என் கைகள் வெடித்திருப்பதைப் பார்த்துத் தன்னுடைய கையுறையைக் கழற்றித் தந்தவர். வெள்ளிக்கிழமைகளில் எங்கள் நேரத்தாள்களில் அவர்தான் கையெழுத்து வைப்பார். மற்றவர்கள் போகும்வரை காத்திருந்து மணிக்கட்டைப் பற்றிச் சொன்னேன். காசைப் பற்றிச் சொன்னேன். கிழவரின் வீட்டில் அதை வைக்கப் பாதுகாப்பில்லை, என்னிடம் வைத்திருக்கச் சொல்லி அவர் கேட்கிறார் என்பதையும் சொன்னேன்.

மேற்பார்வையாளர் பேனையை மூடினார். "இது எனக்குக் கேக்கேல்லை," என்றார். "குடும்ப விசயத்துக்குள்ள நாங்கள் போகேலாது. காஸ் பில் கட்டியாச்சு எண்டால் சரி. எப்பிடிக் கட்டினது எண்டு நான் கேக்கமாட்டன்."

சொல்லும்போது என் கையைத் தட்டினார். அதை நான் அனுமதி என்று எடுத்துக்கொண்டேன். வேறு எப்படி எடுப்பது? ஆங்கிலம் எனக்கு அரைகுறை என்று பிறகு அவர்கள் எழுதினார்கள். அந்த வசனம் எனக்கு நன்றாகவே விளங்கியது.

விதி எனக்குத் தெரியும். வேலையில் சேர்ந்த அன்று ஒரு தாளில் கையெழுத்து வாங்கியிருந்தார்கள். வாடிக்கையாளரின் பணத்தை ஒருபோதும் உங்கள் வீட்டுக்கு எடுத்துச் செல்லக்கூடாது என்று அதில் இருந்தது. தெரிந்துகொண்டுதான் செய்தேன். ஒவ்வொரு வியாழனும் கிழவர் பதினைந்து பவுண் எண்ணித் தருவார். ஒரு சின்னக் கொப்பியில் தேதியையும் தொகையையும் எழுதி அவரிடம் கையெழுத்து வாங்குவேன். வீட்டில் எங்கள் கடவுச்சீட்டுகள் இருந்த இழுப்பறையில் ஓர் உறையில் வைத்தேன். டிசம்பரில், நத்தார்ப் பண்டிகைக்கு முன், காஸ் பில்லை அதிலிருந்து கட்டினோம். ஹீற்றர் எரிந்த முதல் காலை அவர் கம்பளிச் சட்டையைக் கழற்றி வைத்துவிட்டு உட்கார்ந்திருந்தார்.

என் கணவருக்கு அது பிடிக்கவில்லை. "அடுத்தவன்ர காசு உது. வீட்டில வைச்சிருக்கிறது வில்லங்கம்," என்று ஒருநாள் சொன்னார்.

"அப்ப அந்த மனிசன் குளிரில சாகட்டோ?"

"அது உம்மட வேலையில்லை," என்றார். பிறகு அதைப் பற்றி நாங்கள் கதைக்கவில்லை.

ஜனவரி மாதம் மகன் கவுன்சில் அலுவலகத்துக்கு வந்து கத்தினான். நான் அங்கே இல்லை. இருந்தவர்கள் சொன்னார்கள். "உங்கட பாக்கிப் பொம்பிளை என்ர அப்பாவைக் கொள்ளையடிக்கிறாள்" என்று மேசையில் குத்தினானாம். எங்கள் நிறத்தவர் எல்லோரையும் பாகிஸ்தானியராக்கி ஏசுகிற சொல் அந்தப் 'பாக்கி'. அன்று பின்னேரமே எனக்கு ஆள் அனுப்பினார்கள். மேற்பார்வையாளர் இருந்தார். அவருக்குப் பக்கத்தில் ஊழியர் விவகாரங்களைப் பார்க்கிற ஆளணிப் பிரிவிலிருந்து வந்த ஓர் இளைஞன். அவன் என் பெயரைப் பிழையாகச் சொன்னான், பிழையாகவே எழுதினான்.

"அவருடைய காசு ஏதாவது உங்கட வீட்டில இருக்கோ?" என்று கேட்டான்.

நான் மேற்பார்வையாளரைப் பார்த்தேன். அவர் தன் கைகளைப் பார்த்துக்கொண்டிருந்தார்.

"இல்லை," என்றேன்.

இந்தப் பொய்யை நான் மறைக்கப்போவதில்லை. அந்த நாட்களில் உள்துறை அமைச்சு எங்களுக்கு விசாவை ஒவ்வொரு வருடமாக நீட்டித் தந்துகொண்டிருந்தது. அந்த முறைக்கான கடிதம் இன்னும் வரவில்லை. கவுன்சில் பொலிசைக் கூப்பிடும், பொலிஸ் உள்துறை அமைச்சுக்குச் சொல்லும், எங்கள் இருவரையும் விமானத்தில் ஏற்றுவார்கள். அவன் கேள்வியை முடிப்பதற்குள் என் தலைக்குள் இவ்வளவும் ஓடி முடிந்துவிட்டது. அதிகாரிக்கு முன்னால் நின்றால் இல்லை என்று சொல்வதுதான் பாதுகாப்பு என்று ஊரில் பழகிய வாய். தன்பாட்டில் சொல்லிவிட்டது. சொன்ன கணத்திலேயே நான் செய்தது வேறொன்றாக மாறிவிட்டது என்று எனக்குத் தெரிந்தது.

விசாரணை முடியும்வரை வேலையிலிருந்து இடைநிறுத்தினார்கள். வீட்டுக்கு வந்து கணவரிடம் எல்லாவற்றையும் சொன்னேன். அவர் சப்பாத்தைக்கூடக் கழற்றாமல் கேட்டுக்கொண்டிருந்தார். பிறகு கேட்டார்:

"உண்மையைச் சொல்லும். அதில ஏதும் எடுத்தனீரோ?"

உறை எங்கே இருக்கிறது என்று அவருக்குத் தெரியும். கொப்பியை அவர் பார்த்திருக்கிறார். நான் இழுப்பறையைத் திறந்து உறையைக் கட்டிலில் கொட்டினேன். "எண்ணுங்கோ," என்றேன். அவர் எண்ணவில்லை என்று எழுத எனக்கு ஆசை. எண்ணினார். இரண்டு தரம் எண்ணினார். எண்ணி முடித்துவிட்டு, "சரியா இருக்கு," என்றார். கவுன்சில் செய்த எதையும்விட இது என்னைக் கூடுதலாகச் சுட்டது. பல வருடம் கழித்து ஒரு சண்டையில் இதை எடுத்தேன். தான் அப்படிக் கேட்டதே இல்லை என்று சத்தியம் செய்தார்.

அடுத்தநாள் காலை உறையையும் கொப்பியையும் கொண்டுபோய் அலுவலகத்தில் கொடுத்தேன். நேற்றுச் சொன்னது பொய், பயத்தில் சொன்னேன் என்றேன். இளைஞன் எல்லாவற்றையும் எழுதினான். 'விசாரணை தொடங்கிய பின்னரே பணம் திருப்பிக் கொடுக்கப்பட்டது' என்று பிறகு அறிக்கையில் வந்தது. உண்மைதான். ஒவ்வொரு சொல்லும் உண்மை. அப்படி எழுத அவர்களுக்கு நன்றாகத் தெரியும்.

அந்த மாதம் எங்கள் பிரிவில் இரண்டு பேரை விசாரித்தார்கள். மற்றவர் ஜமேக்காவிலிருந்து வந்த ஒரு பெண். என்னைவிடப் பத்து வயது கூட. எந்த வீட்டுக்கு எந்த பஸ் என்று எனக்கு முதல் கிழமையில் காட்டித் தந்தவர். காசு போட்டால்தான் மின்சாரம் தருகிற தன் வீட்டு மீற்றருக்காக ஒரு கிழவியிடம் ஐந்து பவுண் கைமாற்றாக வாங்கி, சம்பளம் வந்ததும் திருப்பிக் கொடுத்திருந்தார். கிழவி அதை மகளிடம் சாதாரணமாகச் சொல்ல, மகள் முறைப்பாடு செய்துவிட்டாள். எங்கள் இரண்டு விசாரணைகளும் ஒரே நாளில். நடைபாதையில் இரண்டு கதிரைகளில் பக்கத்துப் பக்கத்தில் உட்கார்ந்திருந்தோம். அவர் தன் நல்ல தொப்பியைப் போட்டுக்கொண்டு வந்திருந்தார். என்னை முதலில் கூப்பிட்டார்கள்.

உள்ளே மூன்று பேர். மேற்பார்வையாளரிடம் கேட்டார்கள், நான் இதைப் பற்றி எப்போதாவது அவரிடம் சொல்லியிருக்கிறேனா என்று.

"இல்லை," என்றார். "ஒருநாளும் சொல்லேல்லை."

என்னைப் பார்க்கவில்லை. குரல் நடுங்கவும் இல்லை. நான் எழும்பி, "சொன்னனான். வெள்ளிக்கிழமை, நேரத்தாளில கையெழுத்து வைக்கேக்க சொன்னனான். நீங்கள் பேனையை மூடினீங்கள்," என்றேன். உட்காரச் சொன்னார்கள். எழுத்தில் ஏதாவது இருக்கிறதா என்று கேட்டார்கள். எழுத்தில் இருந்தது என் கொப்பி மட்டும்தான். அதைத் திறந்து, வாரம் வாரமாக நான் காசை வெளியே கொண்டுபோனதற்கு அதுவே அத்தாட்சி என்றார்கள். கிழவருடைய கையெழுத்து இருக்கிறதே என்றேன். அவரைப் போய்ப் பார்த்திருந்தார்களாம். தான்தான் கேட்டதாக அவர் சொன்னாராம். ஆனால் இன்றைக்கு என்ன கிழமை என்று கேட்டதற்கு, செவ்வாய்க்கிழமையில் வியாழன் என்று சொல்லிவிட்டாராம். ஆகவே அவர் குழம்பிய நிலையில் இருப்பவர். அவருடைய சம்மதம் சம்மதம் ஆகாது. பென்ஷன் நாளைத் தவிர வேறு நாள் அவருக்கு எதற்கு? ஒரு கிழமை முழுக்க அந்த மனிதனின் கதவைத் தட்டியவள் நான் மட்டும்தான். அவர்கள் ஒரேயொரு நாள் இருபது நிமிடம் போய், அவருடைய புத்தி எவ்வளவு என்று அளந்துகொண்டு வந்துவிட்டார்கள்.

கடைசியில், சொல்ல ஏதாவது இருக்கிறதா என்றார்கள். அப்போது நான் ஒன்றைச் சொன்னேன். அதை நினைத்தால் இன்றைக்கும் என்மேல் எனக்கே கோபம் வருகிறது. "வெளியில இருக்கிறவ தன்ர தேவைக்குக் காசு வாங்கினவ. நான் அப்பிடியான ஆள் இல்லை," என்றேன். யாரும் கேட்காமலே சொன்னேன்.

வெளியே வந்தபோது அவர் தொப்பியைச் சரிசெய்துகொண்டே எழும்பினார். என் முகத்தைப் பார்த்துவிட்டு என் தோளைப் பிடித்தார். "எப்பிடிப் போச்சு?" என்றார். எனக்கு அவரை நிமிர்ந்து பார்க்க முடியவில்லை. இரண்டு பேரையும் நீக்கினார்கள். 'பாரதூரமான ஒழுங்கீனம்' என்ற அதே சொற்கள் இரண்டு கடிதத்திலும். ஐந்து பவுணுக்கும் ஒன்று, எதுவும் எடுக்காததற்கும் ஒன்று.

மேன்முறையீடு செய்யலாம் என்று கடிதத்தில் இருந்தது. என் கணவர் வேண்டாம் என்றார். "தானா விட்டிட்டன் எண்டு சொல்லும். சனத்துக்கு என்ன தெரியப்போகுது?" சனத்துக்கு ஏற்கெனவே தெரிந்திருந்தது. தமிழ்க் கடையில் பில் போடுகிற பெண், எனக்கு மிச்சக் காசு தரும்போது, ஒவ்வொரு நாணயமாக என் கண்ணுக்கு முன்னால் எண்ணி வைத்தாள். முன்பு அள்ளித் தருவாள். "கவுன்சிலில ஏதோ காசு விசயமாம், பாவம்," என்று எனக்குப் பின்னால் யாரோ சொன்னார்கள். அந்தப் 'பாவம்' என்ற சொல்லை அவர்கள் வாயிலேயே திணித்துவிட வேண்டும் போல இருந்தது. அன்றைக்கே மேன்முறையீட்டுப் படிவத்தை நிரப்பினேன்.

யூனியன் பிரதிநிதியாக எனக்குக் கிடைத்தவர் மலேசியத் தமிழர். படிக்க வந்து இங்கேயே தங்கி, கவுன்சிலில் வரிப் பிரிவில் வேலை செய்தவர். இஸ்திரி கலையாத சட்டை. தமிழில் பேச முடிந்ததே எனக்கு ஆறுதலாக இருந்தது. அவர் கொப்பியை முழுதாக வாசித்துவிட்டுத்தான் வாயைத் திறந்தார்.

"ரூல்ஸ்படி பார்த்தா நீங்க செஞ்சது தப்புதான்மா. முதல்ல அதை ஒத்துக்கிடுவோம். பொய் சொன்னதையும் ஒத்துக்கிடுவோம். ஆனா தண்டனை ரொம்ப அதிகம்னு கேக்கறேன். எழுத்துல கடைசி எச்சரிக்கை போதும்னு கேக்கறேன்."

"அந்தப் பொம்பிளை பொய் சொன்னதை?"

"அதை நிரூபிக்க முடியாது. அதைத் தொட்டா அவங்க எல்லாரும் ஒண்ணாயிடுவாங்க."

"அப்ப என்ர பொய் மட்டும்தான் பொய்."

அவர் கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார். "ஆமா," என்றார். "எழுதி வச்சிருக்கறது அது ஒண்ணுதானே." அவரோடும் அன்றைக்குக் கோபித்தேன். இப்போது நினைத்தால், அந்தக் கட்டடத்தில் எனக்கு உள்ளதை உள்ளபடி சொன்ன ஒரே ஆள் அவர்தான்.

மேன்முறையீடு மூன்று கவுன்சிலர்களுக்கு முன்னால் நடந்தது. நீளமான மேசை, தண்ணீர்ச் சாடி, ஒரு தட்டில் பிஸ்கட். பிரதிநிதி நிதானமாக, அழகாகப் பேசினார். பேசவேண்டாம் என்று என்னிடம் சொல்லியிருந்தார். தலைவராக இருந்தவர், எனக்கு விதி விளங்கியதா என்று மட்டும் கேட்டார், குழந்தையிடம் கேட்பதுபோல ஒவ்வொரு சொல்லாக. நான் எழும்பிவிட்டேன்.

"விளங்கினது. எனக்கு நீங்கள் ஒண்டு விளங்கப்படுத்துங்கோ. மகன் அடிச்சுக் காசு புடுங்கினான். எந்தக் கதவில போய்த் தட்டவேணும்? நான் தட்டின கதவு பூட்டிக்கொண்டுது. பொலிசிட்டப் போயிருந்தால், குடும்ப விசயம் எண்டிருப்பினம். சும்மா இருந்திருந்தால் அவர் குளிரில செத்திருப்பார், உங்கட விதி அப்பிடியே பத்திரமா இருந்திருக்கும். நான் சும்மா இருந்திருந்தால் இண்டைக்கும் எனக்கு வேலை இருந்திருக்கும். அதைத்தானே சொல்லுறியள்?"

பாதி ஆங்கிலம், பாதி தமிழ். அவர்களுக்கு எவ்வளவு விளங்கியதோ தெரியாது. ஒரு கவுன்சிலர் பிஸ்கட் தட்டைக் கொஞ்சம் தள்ளி வைத்தார். தலைவர், "நன்றி, வந்ததற்கு நன்றி," என்றார். பத்து நாளில் கடிதம் வந்தது. நீக்கம் உறுதி. பொலிசுக்குப் போகமாட்டார்களாம், அதை ஒரு சலுகையாக எழுதியிருந்தார்கள். மகனைப் பற்றி ஒரு வரியும் இல்லை. அவனை யாரும் ஒரு கேள்விகூடக் கேட்கவில்லை என்று பிரதிநிதி பிறகு சொன்னார்.

கிழவரைத் தொடர்புகொள்ளக்கூடாது என்றும் கடிதத்தில் இருந்தது. கோடை வந்ததும் போனேன். வேறு யாரோ கதவைத் திறந்தார்கள். அவரைக் கவுன்சிலின் வயோதிபர் இல்லத்துக்கு மாற்றிவிட்டார்களாம். அங்கே போய், மருமகள் என்று சொல்லி உள்ளே போனேன். பாருங்கள், பொய் எனக்கு இலகுவாகிவிட்டது.

வட்டமாகப் போட்ட கதிரைகளில் ஒன்றில் அவர் இருந்தார். என்னைக் கண்டதும் தெரிந்துகொண்டார். "எங்கை பிள்ளை போனாய்? லீவில எண்டு சொன்னவை," என்றார்.

அவருக்கு யாரும் சொல்லவில்லை. சொல்லாமல் திரும்பிவிடலாம் என்றுதான் நினைத்தேன். ஆனால் உள்ளே மாதக்கணக்காகக் கொதித்துக்கொண்டிருந்தது. "என்னை வேலையால நிப்பாட்டிப்போட்டினம். உங்கட காசை வைச்சிருந்ததுக்கு. நீங்கள் ஏன் மகனிட்டச் சொன்னனீங்கள்? சொல்லக்கூடாது எண்டுதானே கதைச்சனாங்கள்?" என்றேன். சத்தமாகச் சொல்லியிருக்க வேண்டும். பக்கத்துக் கதிரையில் தூங்கிய பெண் கண் விழித்தார்.

அவர் என்னையே பார்த்தார். வாய் அசைந்துகொண்டிருந்தது.

"அவன் என்ர கோட்டுப் பொக்கற்றைத் தேடினான்," என்றார். "தேடு, தேடு, அந்தப் பிள்ளையிட்ட இருக்கு, உனக்குக் கிடையாது எண்டன். ஒருக்கால், ஒரேயொருக்கால், அவன்ர முகத்தைப் பாக்கவேணும் போல இருந்தது."

"பாத்தீங்களோ?"

"பாத்தன்," என்றார். அவர் முகத்தில் ஒரு சின்னச் சந்தோஷம் வந்துபோனதை நான் கண்டேன். பிறகு அழத் தொடங்கினார். அந்த ஒரு நிமிடச் சந்தோஷத்துக்கு என் வேலை போனது. அவர் கழுத்தைப் பிடித்து உலுக்கவேண்டும் போலவும் இருந்தது. அவருடைய இடத்தில் நான் இருந்திருந்தால் நானும் அதைத்தான் சொல்லியிருப்பேன் என்றும் தெரிந்தது. கைக்குட்டையைக் கொடுத்துவிட்டு, கொஞ்ச நேரம் இருந்துவிட்டு வந்தேன். அடுத்த முறை போனபோது அந்தக் கதிரையில் வேறொருவர் இருந்தார். இறந்துவிட்டதாகப் பணிப்பெண் சொன்னார்.

அதன்பின் எந்த வேலைப் படிவத்தை எடுத்தாலும் ஒரு கட்டம் இருந்தது. முந்தைய வேலையை விட்டதற்கான காரணம். பாடசாலைச் சமையலறை, ஆஸ்பத்திரித் துப்புரவு, நூலகம், எல்லாவற்றிலும். உண்மையை எழுதினேன். பதில் வரவில்லை. விமானங்களுக்கு உணவு பொதி செய்கிற தொழிற்சாலை ஒன்றில் படிவமே இல்லை. அங்கே ஆறு வருடம், குளிரூட்டிய மண்டபத்தில் தட்டுகளை மூடினேன். தன் கடிதங்களில் அப்பா கவுன்சில் வேலை எப்படி என்று கேட்டுக்கொண்டே இருந்தார். நன்றாகப் போகிறது என்று எழுதிக்கொண்டே இருந்தேன். அவர் அதை நம்பியபடியே செத்துப்போனார்.

தொண்ணூறுகளின் நடுவில் கவுன்சில்கள் இந்த வேலைகளைத் தனியார் நிறுவனங்களிடம் கொடுக்கத் தொடங்கின. அப்படியொரு நிறுவனத்துக்கு ஆட்கள் தேவைப்பட்டார்கள். நேர்முகம் நடத்திய பெண் பத்து நிமிடம் பேசினாள். என் முதுகு நல்லா இருக்கிறதா என்று கேட்டாள், நாளைக்கே வர முடியுமா என்று கேட்டாள். கட்டத்தைப் பற்றிக் கேட்கவே இல்லை. அதே கவுன்சிலின் அதே வயோதிபர்களுக்கு அதே வேலை. மணித்தியாலத்துக்குச் சம்பளம் முன்பைவிடக் குறைவு, விடுமுறைக்குச் சம்பளம் இல்லை, பஸ்ஸில் போகிற நேரத்துக்கும் இல்லை. கவுன்சிலின் வாசலில் நிற்கக்கூடாதவள் என்று என்னைத் துரத்தியவர்கள், பின்கதவால் மலிவாக என்னை வாங்கிக்கொண்டார்கள். அன்றைக்குப் பஸ்ஸில் தனியாகச் சிரித்தேன். நல்ல சிரிப்பு அல்ல.

முதல் கிழமையிலேயே ஒரு வீட்டில் ஒரு கிழவி பென்ஷன் புத்தகத்தை என்னிடம் நீட்டினார். இடுப்பு உடைந்து படுக்கையில் இருந்தவர்.

"எடுத்துக்கொண்டு வா பிள்ளை. பேரன் எடுத்தால் பாதிதான் வருது."

நான் கைகளை முதுகுக்குப் பின்னால் கட்டிக்கொண்டேன். "என்னால ஏலாது அம்மா. அலுவலகத்துக்கு எழுதிப்போடுறன்," என்றேன்.

"முந்தி வந்த பிள்ளை எடுத்துத் தந்தவள்."

"நான் எடுக்கமாட்டன்."

அவர் புத்தகத்தை நீட்டியபடியே கொஞ்ச நேரம் இருந்தார். கை வலித்ததும் கீழே வைத்தார். நான் மூன்று பிரதிகளில் எழுதினேன். ஒன்றை அலுவலகத்துக்குக் கொடுத்தேன், ஒன்றைக் கவுன்சிலுக்குத் தபாலில் அனுப்பினேன், ஒன்றை நானே வைத்துக்கொண்டேன். யாரும் வரவில்லை. இரண்டாம் தரமும் எழுதினேன். பேரன் தொடர்ந்து பாதியைத்தான் கொடுத்தான். கிழவி அரை பைந்த் போத்தல் பாலை இரண்டு நாளைக்கு வைத்துக் குடித்தார். நான் அந்த வீட்டுக்கு ஒன்றரை வருடம் போனேன். அவருடைய காசில் ஒரு சதத்தையும் தொடவில்லை. என்மேல் ஒரு முறைப்பாடும் வரவில்லை. வருடக் கடைசியில் நிறுவனம் எனக்கு நல்ல அறிக்கை எழுதியது. அந்தக் கிழவி மட்டும், அந்த முதல் நாளுக்குப் பிறகு, கடைசிவரை என்னைப் 'பிள்ளை' என்று கூப்பிடவில்லை.